கண்டக்டரம்மா தீவுக்குப் போன கதை

கோப்பை யாருக்குக் கிடைத்தது என்று தெரிந்துகொள்ளத் துடிக்கிறவர்களுக்கு முதலிலேயே சொல்லிவிடுகிறேன்: கண்டக்டரம்மாவுக்குக் கிடைக்கவில்லை. பன்னிரண்டு பேர், முப்பது நாள், ஆளில்லாத தீவு என்று டிவியில் வந்ததே, அந்தப் போட்டியில் இருபத்தாறாம் நாள் அவள் வெளியே வந்துவிட்டாள். நாலாவது இடம். ஆறு கிலோ இளைத்து, மூக்கு நுனியில் தோல் உரிந்து, மறு வாரமே பதினேழாம் நம்பர் பஸ்ஸில் ஏறி, "உள்ள போங்க, உள்ள போங்க" என்று ஆரம்பித்துவிட்டாள். அந்த பஸ்ஸில் ஏறுகிறவர்கள் யாரும் கோப்பையைப் பற்றிக் கேட்பதில்லை. விசிலைப் பற்றித்தான் கேட்கிறார்கள். அவளும் சலிக்காமல் சொல்கிறாள். சொல்லும்போது கை, கால் வைத்துச் சொல்வாள். நான் அந்த அளவுக்குப் போகமாட்டேன், ஆனால் கொஞ்சம் போவேன்.

விசில் விஷயம் புரிய வேண்டுமென்றால் அந்த பஸ் புரிய வேண்டும். அதன் டிரைவர் வேறு யாருமல்ல, அவளுடைய வீட்டுக்காரர்தான். பத்தொன்பது வருஷமாக அவர் முன்னால், அவள் பின்னால். வீட்டில் "என்னங்க" என்று கூப்பிடுகிறவள் டிப்போ வாசலைத் தாண்டினால் "டிரைவர்" என்பாள். அவரும் அங்கே "கண்டக்டர்" என்பதோடு சரி. இருவருக்கும் நடுவே எண்பது பேர் நெரிசலில் நிற்கும்போது பேச்சு எங்கே எட்டும்? அதனால் எல்லாம் விசில்தான். ஒரு விசில் என்றால் நில். இரண்டு விசில் என்றால் போ. போகச் சொன்னால் அவர் ஹாரனை இரண்டு தட்டு தட்டுவார், கேட்டுக்கொண்டேன் என்று அர்த்தம்.

இதில் அவருக்கு ஒரு பிடிவாதம் உண்டு. மற்ற டிரைவர்கள் கண்ணாடியைப் பார்த்து, ஆள் ஏறிவிட்டமாதிரி தெரிந்தால் வண்டியை எடுத்துவிடுவார்கள். இவர் மாட்டார். பின்னால் இருக்கிற வண்டிகள் கத்தட்டும், போலீஸ்காரர் வந்து கண்ணாடியைத் தட்டட்டும், இரண்டு விசில் வராமல் சக்கரம் உருளாது. "பின்னாடி யார் கால் படியில இருக்கு, யார் கை கதவுல இருக்குன்னு எனக்கா தெரியும்? அவளுக்குத்தான் தெரியும். அவ சொன்னா போவேன்" என்பார். ஆனால் கண்ணாடியில் பார்க்காமலும் இருக்கமாட்டார். ஆளைப் பார்க்கத்தான். அவள் கீழே இறங்கப் போகிறாள் என்றால் முதலில் இடது குதிகால் தூக்கும். அதைப் பார்த்தாலே அவர் கால் பிரேக்குக்குப் போய்விடும். இது அவளுக்கே தெரியாத சங்கதி.

இந்த மனிதருக்குத்தான் தீவுக்குப் போக வேண்டும் என்று ஆசை வந்தது. அவளுக்கு இல்லை, அவருக்கு.

அந்தப் போட்டியின் பழைய சீசன்களை ஒன்றுவிடாமல் பார்த்தவர் அவர். யார் யாருடன் சேர்ந்தார்கள், யார் யாரைக் கவிழ்த்தார்கள், எந்த சீசனில் எந்தத் தீவு, எல்லாம் விரல் நுனியில். ஐம்பது வயதுக்கு முன்னால் ஒரு தடவை போயே தீருவது என்று முடிவு கட்டி, நாலு மாதம் தயாரானார். மூன்றாவது மாடி வீட்டுக்கு லிப்ட்டை விட்டுவிட்டுப் படியேறினார். சர்க்கரையை விட்டார். தலையணையை விட்டார். ஹாலில் வெறுந்தரையில் படுத்து, காலையில் இடுப்பைப் பிடித்துக்கொண்டு எழுந்தார். இரண்டு நாற்காலி போட்டால் நிறைந்துபோகும் பால்கனியில் உட்கார்ந்து குச்சியோடு குச்சி உரசி நெருப்பு உண்டாக்கப் பழகினார். நெருப்பு வரவில்லை. ஒரு ஞாயிற்றுக்கிழமை புகை மட்டும் வந்து, மேல்வீட்டு அம்மாள் காயப்போட்டிருந்த போர்வை முழுக்கப் புகை வாடை அடித்தது. அந்த அம்மாள் வந்து கத்திய கத்தலில் கண்டக்டரம்மாவே வாயடைத்துப்போனாள் என்றால் பார்த்துக்கொள்ளுங்கள்.

விண்ணப்பத்தோடு மூன்று நிமிட வீடியோ அனுப்ப வேண்டும். மகள் கல்லூரியில் படிக்கிறாள், அவள்தான் எடுத்தாள். டிரைவர் சீட்டில், இஸ்திரி போட்ட சட்டையில், ஸ்டியரிங்கில் கைவைத்தபடி அவர் பேசினார். மனப்பாடம் செய்த பேச்சு. "நான் மன உறுதி மிக்கவன்" என்று தொடங்கும். அவர் உறுதியைப் பற்றிச் சொல்லிக்கொண்டிருக்கையில் பின்னால் கூட்டம் ஏறத் தொடங்கிவிட்டது. அப்புறம் வீடியோவில் கேட்டதெல்லாம் இன்னொரு குரல்தான்.

"உள்ள போங்க, உள்ள போங்க! உள்ள மைதானம் மாதிரி காலியா கிடக்கு, வாசல்ல என்ன வேண்டுதலா? நீல சட்டை, பையை இறக்கி மடியில வைங்க. உங்களுக்கு மடி இல்லையா, சரி, உக்காந்திருக்கிற அண்ணன் மடியில வைங்க. அண்ணே, வாங்கிக்கோங்க, கடிக்காது!"

இரண்டு வாரம் கழித்து டிவி கம்பெனியிலிருந்து போன் வந்தது. அவர் உடனே ஸ்பீக்கரில் போட்டார். மூன்று பேரும் போனைச் சுற்றி நின்றார்கள்.

"சார், உங்க வீடியோ எங்களுக்கு ரொம்பப் பிடிச்சிருக்கு" என்றது ஒரு பெண் குரல். அவர் முகத்தில் வெளிச்சம் பரவியது. "பின்னாடி சத்தம் போடறாங்களே ஒரு அம்மா, அவங்க யாரு சார்? அவங்க நம்பர் கிடைக்குமா?"

ஐயோ பாவம். அவர் அந்தப் போனை அப்படியே மனைவி கையில் கொடுத்துவிட்டுப் பால்கனிக்குப் போய்விட்டார். உரசித் தேய்ந்த குச்சிகள் அங்கே ஒரு மூலையில் கிடந்தன.

அவள் முதலில் முடியாது என்றுதான் சொன்னாள். "நீங்க ஆசைப்பட்டது, நான் எப்படிப் போறது?" என்று கேட்டாள். அவர் தட்டைப் பார்த்துக்கொண்டே, "போ. எனக்கென்ன" என்றார். "போ" என்பதை மட்டும் அவள் எடுத்துக்கொண்டாள். "எனக்கென்ன" என்பதை விட்டுவிட்டாள். அது அவள் செய்த தப்புதான், இல்லை என்று சொல்லமாட்டேன். ஆனால் அவளுக்கும் ஆசை இருந்தது. பத்தொன்பது வருஷமாக அதே பதினேழு கிலோமீட்டர். எல்லாரையும் ஏற்றி, எல்லாரையும் இறக்கி, கடைசியில் வண்டியோடு டிப்போவுக்குத் திரும்புகிறவள் அவள். யாரோ முன்பின் தெரியாதவர்கள் அவளைப் பார்த்து, இந்த ஆள்தான் வேண்டும் என்று கேட்டிருக்கிறார்கள். வேண்டாம் என்று சொல்ல மனசு வரவில்லை.

அதற்கப்புறம் பதினோரு நாள் அவர் பேசவில்லை. முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு, தண்ணீர் வேண்டுமென்றால்கூட மகளிடம், "உங்கம்மாகிட்ட கேளு" என்பார். அவளுக்கும் ரோஷம் பொத்துக்கொண்டு வந்தது. "உங்கப்பாகிட்ட கைகால் இருக்கான்னு கேளு" என்பாள். நடுவில் மாட்டிக்கொண்ட மகள், "ரெண்டு பேரும் எனக்கு சம்பளம் குடுங்க" என்று கையெடுத்துக் கும்பிட்டாள். பஸ்ஸில் மட்டும் ஒரு விசில், இரண்டு விசில், ஹாரன் இரண்டு தட்டு. அந்தப் பதினோரு நாளும் அவர்கள் பேசிக்கொண்டது அவ்வளவுதான்.

புறப்படும் நாள் அவள் லீவு. துணிப்பையோடு பதினேழாம் நம்பரிலேயே பயணியாக ஏறி, ரயில் நிலையத்துக்குப் போனாள். வேறொரு கண்டக்டர் வேலையில் இருந்தார். விசிலை வீட்டு வாசலுக்குப் பக்கத்து ஆணியில் மாட்டிவிட்டு வந்திருந்தாள், தீவுக்குத் துணியைத் தவிர எந்தச் சாமானும் கொண்டுவரக் கூடாது என்று விதி. ஸ்டாப்பில் இறங்கி, முன்பக்கம் போய் ஜன்னல் வழியாக ஒரு வார்த்தை சொல்லிவிட வேண்டும் என்று நினைத்திருந்தாள். என்ன வார்த்தை என்றுகூட யோசித்து வைத்திருந்தாள். ஒரு கால் தரையில், ஒரு கால் இன்னும் படியில். வண்டி நகர்ந்துவிட்டது. புது கண்டக்டர் விசிலை வாய்க்குக்கூடக் கொண்டுபோகவில்லை.

பத்தொன்பது வருஷத்தில் இரண்டு விசில் இல்லாமல் அந்த பஸ் நகர்ந்தது அன்றைக்குத்தான். ரயிலில் ஜன்னலோரம் உட்கார்ந்து, பக்கத்தில் இருந்தவர் பயந்துபோகிற மாதிரி அழுதாள்.

ஆளில்லாத தீவு என்று பெயரே தவிர, அங்கே எண்பது பேர் இருந்தார்கள். கேமராக்காரர்கள், மைக் பிடிக்கிறவர்கள், டாக்டர், படகோட்டி, இவர்களையெல்லாம் விரட்டி வேலை வாங்குகிற டைரக்டர். பாறைக்கு அந்தப் பக்கம் அவர்களுடைய கூடாரம். காலையில் காற்று திரும்பினால் அங்கிருந்து காபி வாசனை வரும். பட்டினியைவிட அதுதான் கொடுமை. போட்டியாளர்கள் பன்னிரண்டு பேரில் ஒரு வக்கீல், ஒரு விளம்பர மாடல், இரட்டைச் சகோதரர்களில் ஒருவர் என்று ரகம் ரகமாக இருந்தார்கள். அவளோடு ஒட்டிக்கொண்டது இரண்டு பேர். ஒருத்தி பல் டாக்டர், யார் சிரித்தாலும் வாய்க்குள் பார்ப்பாள். இன்னொருவன் ஜிம்மில் பயிற்சி கொடுக்கிறவன், மலை மாதிரி உடம்பு, குழந்தை மாதிரி பேச்சு. மூன்று வருஷமாக அம்மாவைப் பார்க்காமல் வேறு நாட்டில் வேலை செய்கிறவன். வாயைத் திறந்தால் அம்மாதான். அவள் அவனை ஜிம் தம்பி என்று கூப்பிட்டாள், எல்லாரும் அப்படியே கூப்பிட்டார்கள்.

முதல் போட்டியிலேயே மானம் போயிற்று. மரத்தில் கட்டிய மிதவையிலிருந்து இறங்கி, கரைக்கு ஓடி, கொடியை எடுக்க வேண்டும். தொகுப்பாளர் பளபளவென்ற பல்லும் கழுத்தில் தொங்கும் விசிலுமாக நின்றார். "ஒரு விசில் அடிச்சா ஆரம்பம். அடுத்த விசில் அடிச்சா முடிஞ்சுதுன்னு அர்த்தம்" என்று தெளிவாகத்தான் சொன்னார். அவளும் தலையை ஆட்டினாள்.

விசில் அடித்தது. எதிரணி பாய்ந்தது. கண்டக்டரம்மா இரண்டு கையையும் விரித்து, மிதவையில் இறங்குகிற பக்கத்தை மறித்துக்கொண்டு, "நில்லுங்க, யாரும் இறங்காதீங்க, வண்டி நிக்கட்டும்!" என்று கத்தினாள்.

தலை கேட்டதைக் காலும் கையும் கேட்கவேண்டுமே. ஒரு விசில் என்றால் நில், பத்தொன்பது வருஷப் பாடம். அந்தக் குரலுக்குக் கட்டுப்படாதவர் யார்? ஜிம் தம்பி உட்பட ஐந்து பேரும் அப்படியே நின்றுவிட்டார்கள். அவள் நாக்கைக் கடித்துக்கொண்டு கையை எடுப்பதற்குள் எதிரணி கொடியோடு ஆடிக்கொண்டிருந்தது.

தோற்ற அணி அன்று சாயங்காலம் ஓட்டுப் போட்டு ஒருவரை அனுப்ப வேண்டும். யாரை அனுப்புவார்கள் என்பதில் அவளுக்கே சந்தேகம் இல்லை. துணிப்பையை மடித்துத் தயாராக வைத்துவிட்டாள். ஆனால் மத்தியானம் மூன்று மணிக்கு வானம் பொத்துக்கொண்டது. அவர்கள் கட்டியிருந்த ஓலைக் குடிசையில் மூன்று பேர் உட்காரலாம், நாலாவது ஆளின் கால் வெளியே இருக்கும். வக்கீல், "முறை வச்சு நனைவோம்" என்றார்.

"என்ன முறை? எதுக்கு நனையணும்?" என்று எழுந்தாள் அவள். "உள்ள நகருங்க. வக்கீல் சார், குறுக்க உக்காரக் கூடாது, பக்கவாட்டுல. முழங்காலை மடக்குங்க. தம்பி, நீ கடைசில, உன் முதுகுதான் சுவரு. டாக்டரம்மா, ரெண்டு பேருக்கு நடுவுல எடம் இருக்கு பாருங்க. எங்க இல்ல? நான் பார்க்கறேனே!"

ஆறு பேரும் உள்ளே. ஒருவர்மேலும் ஒரு சொட்டு இல்லை. மழை இரண்டு மணி நேரம் கொட்டியது, அவள் பஸ்ஸில் பார்த்த ஆட்களின் கதையெல்லாம் சொன்னாள், சிரித்துச் சிரித்துக் குடிசையே ஆடியது. சாயங்காலம் ஓட்டுப் பெட்டியைத் திறந்தால், நனைவோம் என்ற வக்கீலுக்கு ஐந்து ஓட்டு.

இப்படியே நாள் ஓடியது. இரண்டு அணியும் ஒன்றாகி, இருபதாம் நாள் வந்தபோது ஆறு பேர் மிச்சம். அவள் பகலெல்லாம் வாய் ஓயாமல் பேசுவாள். ஆனால் தனியாக விறகு பொறுக்கப் போனால் அந்த நகர்ந்துபோன பஸ்தான் கண்ணுக்குள் நிற்கும். நான் ஜெயிக்க வேண்டாம், அந்த மனுஷன் ஒரு வார்த்தை பேசினால் போதும் என்று நினைப்பாள். இதைப் பல் டாக்டரிடம் மட்டும் சொல்லியிருந்தாள்.

இருபதாம் நாள் போட்டியின் பரிசு, குடும்பத்தில் ஒருவருடன் ஒரு மணி நேரம். முழங்காலளவு தண்ணீரில் ஆறு பலகைகளைக் கட்டி மிதக்கவிட்டிருந்தார்கள். ஒரு ஆள் நிற்கும் அகலம்தான். அலைக்கு அலை ஆடும். எதையும் பிடிக்காமல் நிற்க வேண்டும். கரையில் ஒரு பெரிய கறுப்பு வலைத் துணி. அதற்குப் பின்னால் குடும்பத்தார் நாற்காலி போட்டு உட்கார்ந்திருக்கிறார்கள், அங்கிருந்து பார்த்தால் தண்ணீர் தெரியும், தண்ணீரிலிருந்து பார்த்தால் துணிதான் தெரியும்.

"குடும்பத்துல யாராவது சின்னச் சத்தம் போட்டாலும் அவங்க உடனே திரும்பிப் போகணும், அந்தப் போட்டியாளருக்குச் சந்திப்பு கிடையாது. எல்லாரும் கையெழுத்துப் போட்டுக் குடுத்திருக்காங்க" என்றார் தொகுப்பாளர். "மூணு மணி நேரம் யார் நிக்கறீங்களோ, நான் விசில் அடிச்சதும் அவங்களுக்கெல்லாம் பரிசு. அதுக்கு முன்னாடி இறங்கினா அவ்வளவுதான்."

ஆடுகிற பலகையில் எதையும் பிடிக்காமல் நிற்பதா? கண்டக்டரம்மாவுக்குச் சிரிப்பு வந்தது. அவள் வேலையே அதுதானே. முழங்காலைத் தளர்த்தி, காலை அகட்டி, அலை வந்தால் அலையோடு போய்த் திரும்பினாள். முதல் ஒரு மணி நேரத்தில் மூன்று பேர் தொபுக்கென்று விழுந்தார்கள். "விறைப்பா நிக்காதீங்க, வண்டியோட போங்க!" என்று மிச்சம் இருந்தவர்களுக்கு அவளே சொல்லிக் கொடுத்தாள். இரண்டு மணி நேரம் ஆனதும் தொகுப்பாளர் ஒரு தட்டில் பொரித்த கோழியும் ஐஸ் மிதக்கும் பழச்சாறும் கொண்டுவந்து மூக்குக்கு நேரே நீட்டினார். இறங்குகிறவர் சாப்பிடலாம்.

பல் டாக்டர் ஒரு நிமிடம் யோசித்தாள். "என் வீட்டுக்காரரை அடுத்த மாசம் பாத்துக்கலாம். கோழி இப்பத்தான் சூடா இருக்கு" என்று இறங்கிவிட்டாள்.

நின்றது இரண்டு பேர். ஜிம் தம்பிக்குத் தொடை வெடவெடவென்று நடுங்கியது, "அம்மா, நிக்கறேம்மா" என்று முணுமுணுத்துக்கொண்டிருந்தான். தொகுப்பாளருக்கு இது போதவில்லை. "இன்னொரு விஷயம். ஆறு நாற்காலி போட்டிருக்கோம். அஞ்சுலதான் ஆள் இருக்கு. ஒருத்தருக்கு யாரும் வரலை" என்றார்.

யாருக்கு என்று அவர் சொல்லவில்லை. அவளுக்குச் சொல்ல வேண்டியதும் இல்லை. மகளுக்கு அந்த வாரம் பரீட்சை. அவர் வரமாட்டார். அவர் வந்திருந்தால்தான் ஆச்சரியம். அதுவரை லேசாக இருந்த உடம்பு கனத்துப்போயிற்று. காலியான நாற்காலிக்காகவா இந்த வெயிலில் நிற்கிறோம் என்று தோன்றியது. கோபம் வந்தது, கோபத்துக்குப் பின்னாலேயே அழுகையும் வந்தது. எதிரே இந்தப் பிள்ளை அம்மாவுக்காக உயிரைக் கொடுத்து நிற்கிறான். சரி, போதும், கோழியாவது மிச்சம் இருக்கும் என்று நினைத்தாள்.

இடது குதிகால் தூக்கியது.

ஒரு விசில்.

அவள் அப்படியே நின்றாள். நின்றது அவள் இல்லை, அவளுடைய கால். தூக்கிய குதிகால் தானாகப் பலகையில் படிந்தது. பக்கத்துப் பலகையில் ஜிம் தம்பி, "முடிஞ்சுது! அம்மா, முடிஞ்சுது!" என்று கையை உயர்த்திக்கொண்டு தண்ணீரில் குதித்தான். தொகுப்பாளர் குனிந்து தன் கழுத்தைப் பார்த்தார். அவருடைய விசில் அங்கேயே தொங்கிக்கொண்டிருந்தது. மூன்று மணி நேரம் ஆக இன்னும் பதினெட்டு நிமிடம் பாக்கி.

அந்த விசிலை அவளுக்குத் தெரியாதா? உள்ளே இருக்கும் உருண்டை ஒரு பக்கம் தேய்ந்து, சத்தம் கடைசியில் கரகரக்கும். வாசலுக்குப் பக்கத்து ஆணியில் அவள் மாட்டிவிட்டு வந்த விசில். அடிக்கத் தெரியாத ஆள், பாதிக் காற்றும் பாதி எச்சிலுமாக அடித்திருக்கிறார்.

"என்னங்க!" என்று அவள் போட்ட சத்தத்தில் மைக் பிடித்திருந்தவர் காதிலிருந்ததைப் பிடுங்கி எறிந்தார்.

அப்புறம் ஒரே களேபரம். துணிக்குப் பின்னால் அவர் எழுந்து நிற்கிறார், இரண்டு பேர் அவர் கையைப் பிடித்திருக்கிறார்கள், பையில் வைத்துக் கொண்டுவந்த விசில் வாயிலேயே இருக்கிறது. டைரக்டர் தலையில் கைவைத்துக்கொண்டு ஓடிவந்தார். விதிப்புத்தகத்தைப் புரட்டினார்கள். சத்தம் போட்டவர் திரும்ப வேண்டும், அவளுக்குச் சந்திப்பு கிடையாது. நேரத்துக்கு முன்னால் இறங்கியதால் ஜிம் தம்பிக்கும் கிடையாது. அதைக் கேட்டதும் அந்த மலை மாதிரி பிள்ளை மணலில் உட்கார்ந்து விசும்பினான்.

கண்டக்டரம்மா பலகையிலிருந்து இறங்கி, தண்ணீரைச் சலசலவென்று மிதித்துக்கொண்டு வந்தாள்.

"சார், தப்பு பண்ணது எங்க வீட்டுக்காரர். நீங்க அனுப்பறது நியாயம், நான் ஒண்ணும் பேசமாட்டேன். ஆனா இந்தத் தம்பி என்ன பண்ணான்? விசில் அடிச்சா முடிஞ்சுதுன்னு நீங்கதானே சொல்லிக் குடுத்தீங்க? அவங்கம்மா அவ்வளவு தூரத்துலேர்ந்து வந்து உக்காந்திருக்காங்க. அவங்களை விடலைன்னா நான் இந்த எடத்தை விட்டு நகரமாட்டேன், நீங்க எப்படி ஷூட்டிங் பண்றீங்கன்னு பார்க்கறேன்."

டைரக்டர் அவளைப் பார்த்தார், இருபது நாளில் அவருக்கும் இந்தக் குரல் பழகியிருந்தது. "விடுங்க" என்றார். துணி ஒரு ஓரம் விலகியது. ஒரு சின்ன உருவம் ஓடிவந்து அந்த மலையின் இடுப்பைக் கட்டிக்கொண்டது. காலி நாற்காலி பல் டாக்டருடையது, அவள் வீட்டுக்காரர் ரயிலைத் தவறவிட்டிருந்தார். "கோழி நல்ல முடிவு" என்றாள் அவள், எலும்பைக் கடித்துக்கொண்டே. கண் கலங்கித்தான் இருந்தது.

டிரைவரைப் படகுத்துறைக்கு அழைத்துப் போனார்கள். பேசக் கூடாது, கிட்டே போகக் கூடாது, நாற்பது அடி தள்ளி நின்று பார்க்கலாம், அவ்வளவுதான். அவர் நன்றாகவே இளைத்திருந்தார். அதே இஸ்திரிச் சட்டை. அவளைத் திரும்பிப் பார்த்தார், தலையைக் குனிந்துகொண்டார், படகில் ஏறி உட்கார்ந்தார். போயிற்று, இப்போதும் இப்படியே போகப்போகிறது என்று அவள் நினைத்தாள். படகோட்டி இஞ்சினைத் தட்டினார்.

"நிறுத்துங்க" என்றார் டிரைவர். எழுந்து நின்று, படகோட்டியின் முகத்தைப் பார்த்துத்தான் பேசினார். ஆனால் பேசிய சத்தம் தீவு முழுக்கக் கேட்டது. "இப்ப எடுக்காதீங்க. கண்டக்டர் சொல்லாம வண்டிய எடுக்கறது வழக்கமில்ல."

"சார், நேரமாகுது" என்றார் படகோட்டி.

"ஆகட்டும். பத்தொன்பது வருஷத்துல ஒரே ஒரு தடவை அவ சொல்லாம எடுத்தேன். ஒரு கால் இன்னும் படியில இருக்கு, கண்ணாடியில பார்த்துக்கிட்டே எடுத்தேன். பொறாமைங்க. வேற ஒண்ணும் இல்ல. அன்னிலேர்ந்து அந்த ஸ்டாப் வந்தாலே என்னால கண்ணாடியைப் பார்க்க முடியல. இனிமே செத்தாலும் எடுக்கமாட்டேன். அவ சொல்லட்டும்."

டைரக்டர் "பேசக் கூடாது" என்று கத்தினார். "நான் படகோட்டிகிட்டதானே பேசறேன்" என்றார் டிரைவர். எண்பது பேரும் கண்டக்டரம்மாவைப் பார்த்தார்கள். அவளுக்குக் கண்ணீர் பொலபொலவென்று கொட்டியது, சிரிப்பும் அடக்க முடியவில்லை. கை தானாகக் கழுத்துக்குப் போனது. விசில் அங்கே இல்லை, அது அவரிடம் இருக்கிறது. திரும்பிப் பார்த்தாள். பக்கத்தில் தொகுப்பாளர்.

"தம்பி, அதைக் கொஞ்சம் குடுங்க" என்றவள், அவர் கொடுக்கும்வரை காத்திருக்கவில்லை. கயிற்றோடு இழுத்து வாயில் வைத்தாள். குனிந்த கழுத்தோடு தொகுப்பாளரும் கூடவே வந்தார்.

இரண்டு விசில். தெளிவாக, கணீரென்று.

இஞ்சின் உறுமியது. படகு துறையை விட்டு நகர்ந்தது. டிரைவர் படகோட்டியைத் தாண்டிக் கையை நீட்டி, ஹாரனை இரண்டு தட்டு தட்டினார். பாறை வரைக்கும் போய்த் திரும்பி வந்தது அந்தச் சத்தம். படகு சின்னதாகிப் போகும்வரை அவர் உட்காரவே இல்லை.

"ஒரு வார்த்தை பேச விடலையே, பாவிங்க" என்று பல் டாக்டர் அவள் தோளைப் பிடித்துக்கொண்டாள்.

"அதான் பேசிட்டோமே" என்றாள் கண்டக்டரம்மா. விசிலைத் தொகுப்பாளர் சட்டைமேல் துடைத்து விட்டாள். முகத்தையும் துடைத்துக்கொண்டாள். பிறகு கரையில் வாயைப் பிளந்து நின்றுகொண்டிருந்த எண்பது பேரையும் பார்த்து, தொண்டையைக் கனைத்தாள்.

"என்ன வேடிக்கை? வெயில் ஏறுது. உள்ள போங்க, எல்லாரும் உள்ள போங்க!"

எல்லாரும் போனார்கள்.